பாராக்காரர் பின்னால் ஒரு மணி நேரம்: ரோட்டன்பர்க் இரவு நடைக்குப் பெற்றோரை அழைத்துப் போகலாமா?

கேள்வி: ஜெர்மனியில், நியூரம்பர்கில் வசிக்கிறோம். டிசம்பர் முதல் வாரத்தில் மதுரையிலிருந்து அப்பாவும் (70) அம்மாவும் (64) வருகிறார்கள். பக்கத்திலுள்ள மதில் சூழ்ந்த பழைய ஊரான ரோட்டன்பர்கில் பழைய காலத்து இரவுக் காவலர் வேஷத்தில் ஒருவர் ஊரைச் சுற்றிக் காட்டுகிறாராமே, அதற்கு அவர்களையும் ஏழு வயது மகளையும் கூட்டிப்போக ஆசை. முன்பதிவு வேண்டுமா? அம்மாவுக்கு முழங்கால் வலி, ஆங்கிலமும் தெரியாது. அப்பாவுக்கு ஓரளவு புரியும். அன்று இரவே வீடு திரும்பிவிட முடியுமா?

பதில்: தாராளமாகப் போகலாம். முழங்கால் வலியைச் சமாளிக்க வழி இருக்கிறது. மொழிக்குத்தான் முன்கூட்டியே ஏற்பாடு செய்ய வேண்டும். காரணம், இந்த நடையில் வேஷம் என்பது வாசலில் கட்டிய தோரணம் மட்டும்தான். கறுப்பு மேலங்கி, தொப்பி, லாந்தர், ஊதுகொம்பு, நுனியில் ஈட்டியும் பக்கத்தில் கோடரியும் கொக்கியும் வைத்த நீளக் கழி (ஜெர்மனில் ஹெல்லெபார்டே) எல்லாவற்றையும் ஐந்து நிமிடத்தில் பார்த்து முடித்துவிடலாம். மீதி நேரம் முழுக்கப் பேச்சு. நின்றுகொண்டே கேட்கும் கதாகாலட்சேபம் என்று வைத்துக்கொள்ளுங்கள். பேச்சு புரியாதவருக்கு அது குளிரில் ஒரு மணி நேரம் கால் கடுக்க நிற்பது, அவ்வளவுதான்.

முன்பதிவு தேவையில்லை. ஆங்கில நடை இரவு 8 மணிக்கும், ஜெர்மன் நடை 9.30 மணிக்கும் நகரமன்றத்துக்கு முன்னால் உள்ள மார்க்ட்பிளாட்ஸ் சதுக்கத்தில் தொடங்கும். மார்ச் நடுவிலிருந்து டிசம்பர் கடைசிவரை நடக்கும். கிறிஸ்துமஸ், புத்தாண்டை ஒட்டிய நாட்களில் மட்டும் நேரத்தை ஒருமுறை சரிபார்த்துவிடுங்கள். கட்டணம் கடைசியில், ரொக்கமாக. ஆளுக்குப் பத்து யூரோ கணக்கு வைத்து, ஐந்தும் பத்துமாகச் சில்லறை நோட்டுகள் எடுத்துப் போங்கள். நூறு பேர் வரிசையில் நிற்கும்போது ஐம்பது யூரோ நோட்டை நீட்டுவது யாருக்கும் பிடிக்காது.

நூறு பேர் என்றது மிகையில்லை. நீங்கள் வரும் நாட்களில் அங்கே ரைட்டர்லஸ்மார்க்ட் என்ற கிறிஸ்துமஸ் சந்தை நடந்துகொண்டிருக்கும். வெள்ளி, சனி இரவுகளை அறவே தவிர்த்து, திங்கள் முதல் வியாழனுக்குள் ஒரு நாளைத் தேர்ந்தெடுங்கள். டிசம்பரில் ஒரு பெரிய லாபமும் உண்டு. இந்த நடைக்கு இருட்டு வேண்டும். ஜூன் மாதத்தில் சூரியன் மறையவே ஒன்பதரை ஆகும் என்பதால் எட்டு மணி நடை பட்டப்பகல் வெளிச்சத்தில் நடந்து முடியும். கையிலிருக்கும் லாந்தர் வெறும் அலங்காரமாகிவிடும். டிசம்பர் தொடக்கத்தில் மாலை நாலேகாலுக்கெல்லாம் சூரியன் மறைந்துவிடுகிறது.

இனி, எங்கே நிற்பது. பெரும்பாலோர் கோட்டை விடுவது இதில்தான். காவலர் நடந்து, நின்று, கூட்டம் கூடியதும் பேச ஆரம்பிப்பார். பின்தங்கி வருகிறவர்கள் வந்து சேரும்போது முதல் வாக்கியங்கள் போயிருக்கும்; நகைச்சுவையின் முடிச்சு அங்கேதான் போடப்பட்டிருக்கும். எனவே நடக்கும்போது அவருக்கு இரண்டு மூன்று அடி பின்னாலேயே போங்கள். அவர் நின்றதும் எதிரில் போய் நிற்காமல், சற்றுப் பக்கவாட்டில், முதுகுக்குப் பின்னால் கட்டடச் சுவர் இருக்கும்படி நில்லுங்கள். சுவர் குரலைத் திருப்பிக் கொடுக்கும். மார்க்ட்பிளாட்ஸில் சந்தை இரைச்சலும் திறந்த வெளியும் சேர்ந்து குரலைத் தின்றுவிடும். குறுகிய தெருக்களுக்குள் போனதும் சரியாகிவிடும். காதை இறுக மூடும் கம்பளிக் குல்லாயும் எதிரிதான். காது மீது மெல்லிய பட்டையும் தலைக்குத் தனித் தொப்பியும் இருந்தால் குளிரும் தெரியாது, பேச்சும் கேட்கும். அப்பா காது கேட்கும் கருவி பயன்படுத்துகிறவர் என்றால், குளிரில் அதன் பேட்டரி சீக்கிரம் சோர்ந்துவிடும். மாற்று பேட்டரியை உள்சட்டைப் பையில் உடல் சூட்டில் வைத்திருக்கட்டும்.

முழங்கால் விஷயம். மொத்த நடை தூரம் அதிகமில்லை, ஏற்ற இறக்கமும் லேசானதுதான். சிரமம் தருவது இரண்டு: கல் பாவிய தரை, இடைவிடாத நிற்பு. ஈரமான அந்தக் கற்களில் தோல் அடிப்பாகம் வைத்த செருப்பும் ஷூவும் வழுக்கும். ஆழமான வரிகளுள்ள ரப்பர் அடிப்பாகம்தான் சரி. கல்லின் குளிர் பாதம் வழியாகத்தான் ஏறும் என்பதால் ஷூவுக்குள் கம்பளி உள்ளட்டை போடுங்கள். அதற்கு இடம் விட்டு அரை அளவு பெரிதாக வாங்க வேண்டும், இறுகிய ஷூவில் கால் இன்னும் சீக்கிரம் விறைக்கும். அம்மா புடவைதான் கட்டுவார் என்றால் உள்ளே தெர்மல் கால்சட்டை போட்டு, கொசுவம் கணுக்காலுக்கு மேலே நிற்கும்படி உயர்த்திக் கட்டட்டும். ஈரக் கல்லில் புரளும் புடவை ஓரம் பத்து நிமிடத்தில் பனிக்கட்டி மாதிரி ஆகிவிடும். ஒரு கிலோவுக்குள் வரும் மூன்றுகால் மடக்கு ஸ்டூல் ஒன்று வாங்குங்கள். ஒவ்வொரு நிறுத்தத்திலும் அம்மா உட்கார்ந்துகொள்ளலாம். மழை பெய்தாலும் குடை வேண்டாம், மழைக்கோட்டு போதும். பின்னால் நிற்பவரின் பார்வையைக் குடை மறைக்கும்.

மொழிக்கு வருவோம். நடக்கும்போதே காதோரம் மொழிபெயர்க்கலாம் என்று நினைக்காதீர்கள். நீங்களும் கதையைத் தவறவிடுவீர்கள், பக்கத்தில் நிற்பவர்களும் முகம் சுளிப்பார்கள். அன்று பகலில், வெளிச்சத்தில், அதே இடங்களைச் சுற்றிக் காட்டிக் கதைகளைத் தமிழில் சொல்லிவிடுங்கள். இரவில் காவலரின் கையசைவையும் குரலையும் வைத்தே எந்தக் கதை ஓடுகிறது என்று அம்மா பிடித்துக்கொள்வார். சொல்ல வேண்டியவை இவைதான்.

இரவுக் காவலரை 'பாராக்காரர்' என்று சொல்லுங்கள், உடனே புரியும். மணி சொல்லிக் கூவுவது, எங்காவது தீப்பிடித்திருக்கிறதா என்று பார்ப்பது, குடிகாரர்களையும் திருடர்களையும் கவனிப்பது அவர் வேலை. மரச்சட்டமும் வைக்கோலும் மெழுகுவர்த்தியுமாக இருந்த ஊரில் தீதான் முதல் பகை. இத்தனை முக்கியமான வேலைக்கு மரியாதை மட்டும் கிடையாது. சமூகப் படிக்கட்டில் கொலைத் தண்டனை நிறைவேற்றுபவரும் பிணக்குழி வெட்டுபவரும்தான் அவருக்குக் கீழே என்று நடையில் சொல்வார்கள்.

அடுத்து, பகலிலேயே மேற்கே உள்ள பூர்க்டோர் வாசலுக்குப் போங்கள். மார்க்ட்பிளாட்ஸிலிருந்து ஹெர்ன்காஸே தெரு வழியே நேராக நடந்தால் வந்துவிடும். பெரிய மரக்கதவுக்குள் ஓர் ஆள் குனிந்து நுழையும் அளவுக்குச் சின்னக் கதவு இருக்கும். இரவில் வாசலை அடைத்த பிறகு வெளியே மாட்டிக்கொண்டவர் அதன் வழியாகத்தான் வர வேண்டும். ஒரே நேரத்தில் ஒருவர், அதுவும் குனிந்தபடி. எதிரிப்படை பாய்ந்து உள்ளே நுழைய முடியாது. மேலே சுவரில் ஒரு கல் முகம் வாயைத் திறந்தபடி இருக்கும். அதன் வழியாகத் தாக்க வந்தவர்கள் தலையில் கொதிக்கும் தாரை ஊற்றினார்கள் என்பது கதை. மகளுக்கு ஊரிலேயே மிகப் பிடித்த இடம் இதுவாகத்தான் இருக்கும்.

மூன்றாவது, 1631. கத்தோலிக்கர்களும் புரோட்டஸ்டன்டுகளும் மோதிய முப்பதாண்டுப் போரில் கத்தோலிக்கப் படைத் தளபதி டில்லி ஊரைப் பிடித்தார். மூன்றேகால் லிட்டர் மது கொள்ளும் கோப்பையை ஒரே மூச்சில் குடிப்பவர் யாராவது இருந்தால் ஊரை விட்டுவிடுகிறேன் என்று அவர் சொன்னதாகவும், முன்னாள் மேயர் நூஷ் குடித்துக் காட்டியதாகவும் கதை. டில்லி பிடித்தது வரலாறு, குடித்தது கட்டுக்கதை. ஆனாலும் சதுக்கத்துக் கடிகாரத்தின் இருபுறமும் ஜன்னல் திறந்து டில்லி பொம்மையும் நூஷ் பொம்மையும் தலைகாட்டும். மணியடிக்கும் நேரத்துக்கு ஐந்து நிமிடம் முன்னால் போய் நில்லுங்கள். அதைப் பார்த்து நிறையப் பேர் ஏமாந்து போவார்கள், அசைவு அவ்வளவு கொஞ்சம்.

அந்தப் போருக்குப் பிறகு ஊர் ஏழையானது. பழைய வீட்டை இடித்துப் புதிது கட்டக் காசில்லை. அதனால்தான் மதிலும் கோபுரமும் அப்படியே நின்றன. வறுமை காப்பாற்றிய ஊர் என்று அம்மாவிடம் சொல்லுங்கள்.

கடைசியாக 1945. மார்ச் 31 அன்று விழுந்த குண்டுகளில் ஊரில் ஏறக்குறைய நாற்பது சதவீதம் அழிந்தது. இன்று பார்க்கும் கிழக்குப் பகுதி பெரிதும் திருப்பிக் கட்டியது. அமெரிக்கப் போர்த்துறையின் உதவிச் செயலர் ஜான் மக்ளாய் இந்த ஊரின் அழகைத் தன் தாய் மூலம் அறிந்திருந்தார். பீரங்கியால் தாக்காமல் பேசிப் பார்க்கும்படி அவர் ஏற்பாடு செய்தார். ஏப்ரலில் ஊர் சண்டையில்லாமல் சரணடைந்தது. இந்தக் கட்டத்தில் கூட்டம் சட்டென்று அமைதியாகும். அம்மாவுக்கு ஏன் என்று தெரிந்திருக்க வேண்டும்.

இவ்வளவு தயாரிப்புக்கு நேரமில்லை என்றால், மார்க்ட்பிளாட்ஸில் உள்ள சுற்றுலா அலுவலகம் வழியாக உங்கள் குடும்பத்துக்கு மட்டும் ஒரு வழிகாட்டியைப் பேசிக்கொள்ளலாம். நிறுத்தி நிறுத்திப் பேசச் சொல்லி நீங்கள் மொழிபெயர்க்கலாம். கட்டணம் தலைக்கா, குழுவுக்கா, எத்தனை நிமிடம், வேஷத்தோடு வருவாரா, அதற்குத் தனிக் காசா, வர முடியாமல் போனால் என்ன என்பவற்றை எழுத்தில் வாங்குங்கள். ஜெர்மனியில் வழிகாட்டி வேலைக்கு உரிமம் கட்டாயமில்லை, மேலங்கி வாங்கிய எவரும் செய்யலாம். ஆகவே இணையத்தில் மலிவாகக் கிடைப்பவரை விட அலுவலகம் அனுப்புபவர் மேல்.

சாப்பாட்டை ஆறு மணிக்கே முடித்துவிடுங்கள். நடை முடியும் ஒன்பது மணிக்குப் பல உணவகங்களில் அடுப்பு அணைந்திருக்கும். சைவம் என்றால் சீஸ் சேர்த்த மாவு நூடுல்ஸான கேஸ்ஷ்பெட்ஸ்லே கைகொடுக்கும், ஆனால் அதில் முட்டை உண்டு. ஊரின் அடையாளமான ஷ்னேபால் என்ற பொரித்த இனிப்பு உருண்டையிலும் முட்டை உண்டு. அம்மா முட்டை தொடமாட்டார் என்றால் புளியோதரையும் பிளாஸ்கில் சூடான பாலும்தான் நம்பகமானவை. பொதுக் கழிப்பறைக்குச் சில்லறை நாணயம் தேவைப்படலாம். 7.40க்குள் எல்லோரும் போய்விட்டு வந்துவிடுங்கள், நடுவில் வாய்ப்பில்லை.

மகளைப் பற்றிக் கவலை வேண்டாம். ஏழு வயதுக்கு லாந்தரும் கழியும் போதும். மதியம் ஒரு மணி நேரம் தூங்க வைத்தால் முடியும்வரை தாங்குவாள். படம் எடுக்க நினைத்தால் ஃபிளாஷ் வேண்டாம், அது எல்லோருடைய இருட்டையும் கெடுக்கும். நடை முடிந்ததும் கேட்டால் காவலர் படத்துக்கு நின்று கொடுப்பார். போன் திரையில் லாந்தர் சுடர் மீது விரலை வைத்து வெளிச்சத்தைக் குறைத்துவிட்டு எடுங்கள்; இல்லாவிட்டால் சுடர் வெள்ளைப் பொட்டாகிவிடும்.

அன்றிரவே திரும்புவது? ரயில் நிலையம் மதிலுக்கு வெளியே கிழக்கே இருக்கிறது, சதுக்கத்திலிருந்து கால் மணி நேர நடை. அம்மாவுக்கு இருபது நிமிடம் வையுங்கள். அங்கிருந்து ஸ்டைனாக், பிறகு அன்ஸ்பாக் என்று இரண்டு இடத்தில் மாற வேண்டும். ஒரு இணைப்பு தவறினாலும் ஸ்டைனாக் என்ற சின்ன நிலையத்தில் உறையும் குளிரில் காத்திருக்க நேரும். கார் இருந்தால் மதிலுக்கு வெளியே பி1 முதல் பி5 வரையுள்ள நிறுத்துமிடங்களில் விட்டுவிட்டு, இரவே திரும்பலாம். ரயில்தான் என்றால் மதிலுக்குள்ளேயே ஓர் இரவு தங்குங்கள்; சந்தைக் காலத்தில் அறைகள் சீக்கிரம் தீர்ந்துவிடும், இப்போதே பாருங்கள். விடிந்ததும் மதில்மேல் நடை இலவசம். படிகள் செங்குத்து என்பதால் அம்மா கீழே காபியோடு உட்காரட்டும். அப்பாவும் மகளும் ஏறி, சீரமைக்கப் பணம் கொடுத்தவர்களின் பெயர் பொறித்த கற்களைப் படித்துக்கொண்டே நடக்கட்டும்.