ரவுட்டர் ஆப் எதற்கு இருப்பிடம் கேட்கிறது?

கேள்வி: புது வைஃபை ரவுட்டரை ஆப் வழியாகத்தான் நிறுவ வேண்டுமாம். ஆப்பைத் திறந்தால் லொகேஷன் கேட்கிறது, ப்ளூடூத் கேட்கிறது, கணக்கு தொடங்கச் சொல்கிறது. எல்லாவற்றையும் கொடுக்கலாமா?

பதில்: லொகேஷன் கொடுக்கலாம், 'ஆப்பைப் பயன்படுத்தும்போது மட்டும்' என்பதைத் தேர்ந்தெடுங்கள், போதும். சுற்றிலும் தெரியும் வைஃபை பெயர்களை வைத்தே போன் எங்கே இருக்கிறது என்று கண்டுபிடித்துவிடலாம் என்பதால், 2015-ல் வந்த ஆண்ட்ராய்டு 6 முதல், அந்தப் பெயர்ப் பட்டியலைப் பார்க்க நினைக்கும் ஆப் இருப்பிட அனுமதி வாங்கியே ஆகவேண்டும். புது ரவுட்டரைத் தேட ஆப்புக்கு அந்தப் பட்டியல் வேண்டும். ப்ளூடூத்தும் கொடுக்கலாம். டெக்கோ, ஈரோ போன்ற மெஷ் கருவிகள் (வீடு முழுக்க ஒரே வைஃபை தர ஒன்றுக்கு மேற்பட்ட பெட்டிகளாக வருபவை) பல, பெட்டியிலிருந்து எடுத்த புதிதில் போனோடு ப்ளூடூத்தில்தான் பேசுகின்றன.

எனக்குக் கவலையெல்லாம் அந்தக் கணக்கைப் பற்றித்தான். நிறுவ வந்தவர் வேலை சீக்கிரம் முடியட்டும் என்று தன் போனில், தன் மின்னஞ்சலில் கணக்கு தொடங்கிவிட்டுப் போய்விட்டால், ரவுட்டர் உங்கள் வீட்டில் இருந்தாலும் அதன் உரிமையாளர் அவர்தான். எங்கிருந்து வேண்டுமானாலும் வைஃபை பாஸ்வேர்டை மாற்றலாம், யார் யார் இணைந்திருக்கிறார்கள் என்று பார்க்கலாம். அவர் நல்லவர் என்பது வேறு விஷயம். கணக்கு உங்கள் மின்னஞ்சலில்தான் இருக்க வேண்டும், வேறு எங்கும் பயன்படுத்தாத பாஸ்வேர்டோடு. இரண்டடுக்குச் சரிபார்ப்பு வசதி இருந்தால் அதையும் போட்டுவிடுங்கள். ரவுட்டரை விற்கும்போதும் முதலில் கணக்கிலிருந்து நீக்கிவிட்டு, அப்புறம் ரீசெட் செய்து கொடுங்கள்.

கேள்வி: ரவுட்டர் பக்கத்திலேயே இருக்கிறது, ஆனால் 'சாதனம் கிடைக்கவில்லை' என்கிறது ஆப்.

பதில்: மொபைல் டேட்டாவையும் விபிஎன்னையும் அணைத்துவிட்டுப் பாருங்கள். புது ரவுட்டரில் இன்னும் இன்டர்நெட் வராததால், போன் தானாகவே மொபைல் டேட்டாவுக்குத் தாவியிருக்கும். அப்படியும் வரவில்லையென்றால் ரவுட்டரின் அடியில் ஒட்டியிருக்கும் முகவரியை பிரவுசரில் அடித்துப் பாருங்கள், பெரும்பாலும் 192.168.0.1 அல்லது 192.168.1.1 என்று இருக்கும். ஆப்பில் இல்லாத சில அமைப்புகள்கூட அங்கே கிடைக்கும்.

கேள்வி: மெஷ்ஷின் இரண்டாவது பெட்டியை எங்கே வைப்பது?

பதில்: சிக்னல் வராத அறையில் வைத்துவிடாதீர்கள், நிறைய பேர் அதைத்தான் செய்கிறார்கள். முதல் பெட்டியிலிருந்து அதற்கே ஒழுங்காகச் சிக்னல் வராதபோது அது யாருக்குக் கொடுக்கும்? பாதி வழியில் வையுங்கள். வைஃபைமேன் போன்ற அளக்கும் ஆப்பில் டிபிஎம் என்று சிக்னல் பலத்தைக் காட்டும் ஓர் எண் வரும், அது மைனஸில் இருக்கும், பூஜ்யத்தை நெருங்க நெருங்க நல்லது. -60 என்பது -70-ஐ விடப் பத்து மடங்கு பலமான சிக்னல். வீடியோ அழைப்பு தடைபடாமல் ஓட -67-க்குக் கீழே போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள். ஐபோனில் அக்கம்பக்கத்து வைஃபைகளை அளக்க ஆப்பிள் மற்ற ஆப்களை விடுவதில்லை. ஆப்பிளின் ஏர்போர்ட் யூட்டிலிட்டி ஆப்பைப் போட்டு, போனின் செட்டிங்ஸில் அந்த ஆப்புக்கான பகுதியில் வைஃபை ஸ்கேனரை இயக்கிக்கொண்டால் அதிலேயே பார்க்கலாம்.