அரசு லேப்டாப்புக்கு டிரைவர் தேடுகிறீர்களா? மாடல் பேரை விடுங்கள்

வியாசர்பாடியிலிருந்து ஒரு தம்பி கேட்கிறார்: அக்காவுக்குப் பிளஸ் டூவில் கொடுத்த அரசு லேப்டாப், விண்டோஸ் 7. கடையில் ஃபார்மேட் பண்ணி வாங்கியதிலிருந்து வைஃபையும் இல்லை, சத்தமும் வரவில்லை. மாடல் பேரைப் போட்டுத் தேடினால் கண்ட கண்ட சைட்டுக்குப் போகிறது. என்ன செய்ய?

ஃபார்மேட் போட்டதில் டிரைவர், அதாவது வைஃபை, சவுண்ட் போன்ற பாகங்களை விண்டோஸோடு பேச வைக்கும் சாஃப்ட்வேர், போய்விட்டது தம்பி. அதைத் தேட மாடல் பேரை நம்பாதீர்கள். 2011-இல் தொடங்கிய திட்டம் அது, தமிழக அரசின் எல்காட் நிறுவனம் பல கம்பெனிகளிடம் மொத்தமாக வாங்கியது. ஒரே மாடலில்கூட வைஃபை கார்டு மாறியிருக்கலாம். நமக்கு வேண்டியது உள்ளே இருக்கும் சிப்பின் எண். கம்ப்யூட்டர் ஐகானில் ரைட் கிளிக், மேனேஜ், டிவைஸ் மேனேஜர். மஞ்சள் குறியோடு நிற்பதைத் திறந்து, டீடெயில்ஸ் பக்கத்தில் ஹார்டுவேர் ஐடியைப் பாருங்கள். வைஃபை கார்டு என்றால் VEN_ என்பதற்குப் பின்னால் வரும் நாலு இலக்கம் கம்பெனியைச் சொல்லிவிடும்: 8086 இன்டெல், 168சி ஏத்தரோஸ், 14இ4 பிராட்காம். DEV_ என்பதற்குப் பின்னால் வரும் அடுத்த நாலு இலக்கம்தான் சிப். VEN_, DEV_ இரண்டு பகுதியையும் ஒரு எழுத்து பிசகாமல், மைக்ரோசாஃப்டின் சொந்த சைட்டான மைக்ரோசாஃப்ட் அப்டேட் கேட்டலாக்கில் போட்டுத் தேடுங்கள். போனிலேயே டவுன்லோட் செய்து யுஎஸ்பி கேபிளில் மாற்றிவிடலாம்.

இறக்கும் முன், கம்ப்யூட்டர் ஐகானில் ரைட் கிளிக், பிராப்பர்ட்டீஸ் போய் சிஸ்டம் டைப் பாருங்கள், உங்கள் விண்டோஸ் 32 பிட்டா 64 பிட்டா என்று; டிரைவரும் அதற்கு ஏற்றதாக இருக்க வேண்டும். விண்டோஸ் 7-இன் அடிப்படைப் பதிப்பான ஸ்டார்ட்டர் 32 பிட்டில் மட்டும்தான் வந்தது. ஆனால் ஃபார்மேட் போட்ட கடைக்காரர் கையில் கிடைத்ததைப் போட்டிருப்பார், அதனால் பார்த்துவிடுவது நல்லது. வருவது கேப் ஃபைல், அதாவது சுருக்கிக் கட்டிய ஃபைல், டபுள் கிளிக் செய்தால் இன்ஸ்டால் ஆகாது. செவன் ஜிப் என்ற இலவச சாஃப்ட்வேரில் பிரித்து, டிவைஸ் மேனேஜரில் அப்டேட் டிரைவரில் அந்த ஃபோல்டரைக் காட்ட வேண்டும்.

எல்லாம் சரியாகச் செய்தும் கோட் 52 என்று முறைக்கிறதா? டிரைவர் அசல்தான் என்று காட்டும் டிஜிட்டல் கையெழுத்து புதிய ஷா-2 முறையில் இருக்கும், பழைய விண்டோஸுக்கு அது புரியாது. சர்வீஸ் பேக் 1 இருக்கிறதா என்று பார்த்து, மைக்ரோசாஃப்டின் அப்டேட்டுகளான கேபி 4490628, அப்புறம் கேபி 4474419, இதே வரிசையில் போடுங்கள். இதை யாரும் சொல்லித் தராததால்தான் பாதி லேப்டாப் பரணுக்குப் போகிறது.

‘ஒரே கிளிக்கில் எல்லா டிரைவரும்’ என்று வரும் சாஃப்ட்வேர் பக்கமே போகாதீர்கள், டிரைவரோடு வேண்டாத சரக்கும் இறங்கும். விண்டோஸ் 7-க்கு ஆதரவு 2020 ஜனவரி 14-ஓடு முடிந்தது, ஆகவே அதில் பேங்க் வேலை வேண்டாம். படிக்க, டைப் அடிக்க மட்டும் என்றால் இலகுவான லினக்ஸ் போடலாம், பெரும்பாலான டிரைவர் அதிலேயே இருக்கும். பிராட்காம் வைஃபை மட்டும் சில சமயம் தகராறு பண்ணும்.

வைஃபை கார்டே போயிருந்தால் டிவைஸ் மேனேஜரில் பேரே வராது. அப்போது டிரைவர் தேடி நேரத்தை வீணாக்காமல் சென்னை ரிச்சி ஸ்ட்ரீட்டில் யுஎஸ்பியில் செருகும் ஒரு வைஃபை டாங்கிள் வாங்குங்கள், பெட்டியில் விண்டோஸ் 7 என்று போட்டிருக்கிறதா என்று பார்த்து.