ஒலி அதிர்வில் 16 டிபி (டெராபைட்), விலை 1,999: வாங்கலாமா?

கேள்வி: சார், ஃபேஸ்புக்கில் ஒரு விளம்பரம் ஓயாமல் வருகிறது. பென் டிரைவ் மாதிரி ஒன்று, உள்ளே இருக்கும் படிகத்தில் தகவலை ஒலி அதிர்வாகச் சேமிக்கிறதாம். 16 டிபி கொள்ளுமாம், கரண்ட் இல்லாமலே நூறு வருடம் அழியாதாம், விலை 1,999 ரூபாய்தான். கல்யாண போட்டோ, வீடியோ எல்லாவற்றையும் இதில் போட்டு வைக்கலாமா?

பதில்: வேண்டாம். 16 டிபி ஹார்ட் டிஸ்க் என்ன விலை என்று ஏதாவது ஒரு கம்ப்யூட்டர் கடையில் கேளுங்கள், இந்த 1,999-இன் லட்சணம் தெரிந்துவிடும். ஆனால் விலையை விட அந்த நூறு வருடம்தான் எனக்குச் சிரிப்பை வரவழைத்தது.

ஒலியில் தகவலை வைப்பது கட்டுக்கதை இல்லை. 1949-இல் கேம்பிரிட்ஜில் ஓடத் தொடங்கிய எட்சாக் கணினிக்கு மெமரியே அதுதான். ஒன்றரை மீட்டர் நீளக் குழாய், அது நிறையப் பாதரசம். ஒரு முனையில் இருக்கும் குவார்ட்ஸ் படிகம் மின்துடிப்பை ஒலித்துடிப்பாக்கி உள்ளே அனுப்பும், பாதரசத்தில் ஒலி விநாடிக்குச் சுமார் 1,450 மீட்டர் போகும் என்பதால் மறுமுனையைத் தொட ஒரு மில்லிவிநாடி பிடிக்கும், அங்கே இன்னொரு படிகம் அதை வாங்கி, மறுபடி மின்துடிப்பாக்கி, பலம் கூட்டி, புறப்பட்ட இடத்துக்கே திருப்பிவிடும். இந்தச் சுற்று நிற்காத வரைதான் தகவல் உயிரோடு இருக்கும். ஒரு குழாய்க்கு 576 பிட், அதாவது 72 பைட். உங்கள் கேள்வியின் முதல் வரிகூட அதில் அடங்காது! அப்புறம் 1965-இல் ஒலிவெட்டி கம்பெனியின் புரோகிராமா 101 பாதரசத்தை விட்டுவிட்டுச் சுருட்டி வைத்த கம்பியில் அதிர்வை ஓடவிட்டது, அதுவும் 240 பைட் அளவுதான். இரண்டிலுமே ஸ்விட்சை அணைத்தால் மெமரியில் ஓடிக்கொண்டிருந்தது அத்தனையும் போச்சு.

அதிர்வு என்றாலே தேய்ந்து அடங்குவதுதான். கோயில் மணியை இன்றைக்கு அடித்துவிட்டு, அடுத்த வருடத் திருவிழாவுக்கு வந்து அதே ஓசையைக் கேட்கலாம் என்கிறார் உங்கள் விளம்பரக்காரர். ஆய்வுக்கூடத்தில் தனிச்சுழி வெப்பநிலைக்கு (அதற்கு மேல் எதையும் குளிர்விக்க முடியாத எல்லை) பக்கத்தில் குளிர்வித்த நுண்ணிய சிலிக்கானிலேயே அதிர்வு ஒன்றரை விநாடி போலத் தாக்குப்பிடித்ததைத்தான் சாதனையாகப் பேசுகிறார்கள்.

கேள்வி: அப்படியானால் அப்பாவின் பழைய கேசட்டில் இன்னும் பாட்டு வருகிறதே?

பதில்: அதில் இருப்பது ஒலி இல்லை, காந்தப் பதிவு. இசைத்தட்டில் என்றால் பள்ளம். அதிர்வை வேறொன்றாக மாற்றி வைத்தால் நிற்கும், அதிர்வாகவே வைத்தால் நிற்காது. நாடாவும் நாளாக நாளாகக் கெடும், சீக்கிரம் கணினிக்கு மாற்றிவிடுங்கள்.

கேள்வி: நான் இதே டிரைவை வாங்கிவிட்டேன். கணினியில் 16 டிபி என்றுதான் காட்டுகிறது. ஆனால் முதலில் போட்ட போட்டோக்களில் பெயர் இருக்கிறது, சைஸ் இருக்கிறது, திறந்தால் மேல்பாதி முகம், கீழ்பாதி வெறும் சாம்பல். விற்றவர் ஃபார்மட் செய்யச் சொல்கிறார்.

பதில்: செய்யாதீர்கள், இருப்பதும் போய்விடும். படிகம், அதிர்வு எல்லாம் அட்டைப்பெட்டியில் மட்டும்தான். உள்ளே அநேகமாக ஒரு சின்ன மெமரி கார்டு இருக்கும், அதை இயக்கும் கன்ட்ரோலர் சிப் கணினியிடம் 16 டிபி என்று பொய் சொல்லும்படி மாற்றப்பட்டிருக்கும். உண்மையான இடம் தீர்ந்ததும் புதியது பழையதன் மேலேயே எழுதப்படும், இல்லாவிட்டால் எங்கும் எழுதப்படாது. திறக்கிற கோப்புகளை முதலில் வேறு இடத்துக்குக் காப்பி செய்யுங்கள். பிறகு விண்டோஸில் ஹெச்2டெஸ்ட்டபிள்யூ (H2testw), லினக்ஸிலும் மேக்கிலும் எஃப்3 (F3) என்ற இலவச மென்பொருள்கள் இருக்கின்றன. டிரைவை நிரப்பித் திரும்பப் படித்துப் பார்த்து உண்மையான கொள்ளளவைச் சொல்லிவிடும். நேரம் பிடிக்கும், 16 டிபி என்று காட்டுவதால் நாள்கணக்கில்கூட ஓடலாம். அந்த முடிவையும் விளம்பரத்தையும் ஸ்க்ரீன்ஷாட் எடுத்து வையுங்கள்.

விற்பனைத் தளம் வழியாக வாங்கியிருந்தால் அவர்களுடைய குறைதீர் அதிகாரிக்கு எழுதுங்கள். 48 மணி நேரத்துக்குள் புகார் கிடைத்ததாகச் சொல்லி ஒரு மாதத்துக்குள் தீர்க்க வேண்டும் என்பது விதி. இழுத்தடித்தால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. அதிலும் நடக்கவில்லையா, விற்றவர் எந்த ஊராக இருந்தாலும் சரி, உங்கள் மாவட்ட நுகர்வோர் ஆணையத்திலேயே 2 வருடத்துக்குள் வழக்குப் போடலாம். பொருளுக்குக் கொடுத்த பணம் 5 லட்சம் ரூபாய் வரை என்றால் வழக்குக் கட்டணம் கிடையாது, வக்கீலும் கட்டாயமில்லை. விளம்பரத்தைத் தட்டி வாட்ஸ்அப்பில் ஆர்டர் கொடுத்து, பார்சல்காரரிடம் பணம் கட்டியிருந்தால் கொஞ்சம் சிரமம்தான். அனுப்பியவர் முகவரி அந்த பார்சல் உறையில் மட்டும்தான் இருக்கும், அதைக் குப்பையில் போட்டுவிடாதீர்கள்.