நடிக்காதவர்கள் பட்டியலில்

கேள்வி: சில படங்களின் நடிகர் பட்டியலில், எப்போதோ இறந்துபோன தலைவர்களின் பெயரும் 'ஆவணக் காட்சி' என்ற குறிப்போடு வருகிறது. நடிக்காதவரை நடிகர் பட்டியலில் சேர்க்கலாமா? இதற்கெல்லாம் யாராவது அவர்களிடம் அனுமதி கேட்கிறார்களா?

பதில்: அந்தக் குறிப்பே அதற்காகத்தான். 'இவர் இந்தப் படத்துக்காக கேமரா முன் நிற்கவில்லை, பழைய சுருளிலிருந்து எடுத்தோம்' என்று அது சொல்லிவிடுகிறது. அதில் எனக்கு ஆட்சேபம் இல்லை. அனுமதி விஷயம்தான் உறுத்துகிறது. உரிமைத்தொகை பெரும்பாலும் சுருள் யாருடையதோ அவருக்குத்தான் போகும். படத்தில் தெரிகிறவரைக் கேட்பது அபூர்வம்.

பிரபலமானவர் என்றால் தட்டிக் கேட்கவாவது ஆள் உண்டு. செவ்வாயிலிருந்து வந்து விழுந்த ஒரு விண்கல்லைப் பற்றி அமெரிக்க அதிபர் கிளின்டன் 1996-ல் பேசியதை, வேற்றுக்கிரகத்திலிருந்து வந்த செய்தியைப் பற்றிப் பேசியதுபோல 1997-ல் வந்த 'காண்டாக்ட்' படத்தில் வைத்தார்கள். வெள்ளை மாளிகை எதிர்ப்புத் தெரிவித்தது. பெயர் தெரியாத ஒருவருக்காக யார் கடிதம் எழுதுவார்கள்?

நெதர்லாந்தில் நாஜிகள் நடத்திய வெஸ்டர்போர்க் முகாமில் 1944 மே மாதம் எடுத்த காட்சி ஒன்று உண்டு. முகாம் அதிகாரியின் உத்தரவுப்படி அதைப் படமெடுத்தவரும் ஒரு கைதிதான். சரக்கு ரயில் பெட்டியின் கதவிடுக்கில், தலையில் துணி சுற்றிய ஒரு சிறுமி வெளியே பார்க்கிறாள். சில விநாடிகள்தான். யூதப் படுகொலை பற்றிப் பேசும் இடமெல்லாம் அந்த முகத்தைக் காட்டினார்கள். அரை நூற்றாண்டு காலம் அவளை யூதச் சிறுமி என்றே எல்லோரும் நம்பினார்கள். ஆட் வாகெனார் என்ற பத்திரிகையாளர் விடாமல் தேடினார். அதே ரயிலில் போய் உயிர் பிழைத்த ஒரு பெண்மணிக்கு அவளை நினைவிருந்தது. 1994-ல் பெயர் கிடைத்தது: செட்டெலா ஸ்டைன்பாக். வயது 9. யூதர்களைப் போலவே நாஜிகள் கொன்றொழித்த ரோமானி (ஜிப்சி) இனத்துக் குழந்தை. படமெடுத்த அந்த 1944-லேயே அவளை ஆஷ்விட்ஸ் முகாமில் கொன்றுவிட்டார்கள்.

அவள் முகம் எல்லோருக்கும் தெரிந்திருந்தது. அவளோடு கொல்லப்பட்ட அவள் இனத்தாரின் கதையோ அந்த முகத்துக்குப் பின்னாலேயே மறைந்து கிடந்தது. பெயர் விட்டுப்போனால் இவ்வளவு தூரம் போகும். அதனால்தான், பட்டியலில் தலைவர்கள் பெயர் வருகிறதே என்று நீங்கள் கேட்கும்போது, மற்றவர்கள் பெயர் ஏன் வரவில்லை என்று எனக்குக் கேட்கத் தோன்றுகிறது.

கூட்டத்தில் இருக்கும் ஒவ்வொருவரையும் தேடிப்பிடிக்க முடியாது, சரி. ஆனால் திரை முழுக்க ஒரே முகத்தைக் காட்டுகிறவர்கள், குறைந்தபட்சம் எந்த ஊர், எந்த வருடம், யார் எடுத்தது என்றாவது போடலாம். கலவரத்தில் அழும் ஒரு பெண்ணை வேறு ஏதோ ஊர்ப் பஞ்சத்துக்கு ஒட்டுவதை நிறுத்தலாம். அப்புறம், 'அது எங்கள் பாட்டி' என்று யாராவது எழுதினால், சுருளை வைத்திருக்கும் காப்பகம் விசாரித்து அந்தப் பெயரைத் தன் பதிவேட்டில் ஏற்றவேண்டும். அடுத்து அந்தச் சுருளை வாங்குகிறவர் கையில் பெயரும் சேர்ந்தே போகட்டும்.