யோனாவின் சுரைக்கொடி

அன்புள்ள ஐயா,

ஸ்டாக்ஹோமில் மென்பொருள் வேலையில் இருக்கிறேன். போன மாதம் தாலர்னா மாகாணம் போயிருந்தபோது, ரெத்விக் பக்கம் ஒரு பழைய அலமாரியைப் பார்த்தேன். கதவு முழுக்கப் பூ. சொந்தக்காரரின் பெயரெழுத்தும் வருடமும் இருந்தன. வரைந்தவர் பெயர் இல்லை. போன இடமெல்லாம் அதே பூ. கற்பனை வறண்ட கைவேலைக்குப் போய் இத்தனை புகழா? இன்னொன்று, வேலையை விட்டுவிட்டு ஓவியம் வரையலாமா என்று யோசிக்கிறேன்.

ஆ.

அன்புள்ள ஆ.,

கையெழுத்து இல்லாததை விடுங்கள். பணம் கொடுத்தவன் பெயர் அலமாரியில் இருக்கும், அவ்வளவுதான். அதற்காக எல்லாப் பெயரும் தொலைந்துவிடவில்லை. ரெத்விக்கில் அலமாரிகள் வரைந்த எரிக் எலியாசனைத் தெரியும். சுவர்ப்படம் வரைந்த வின்டர் கார்ல் ஹான்சனைத் தெரியும். 1777இல் பிறந்தவர், 1805இல் போய்விட்டார். உங்கள் வயதுதான் இருக்கும்.

ஆனால் 'அதே பூ' என்றீர்களே, அதை விடமாட்டேன். அது பைபிளில் வரும் தீர்க்கதரிசி யோனாவின் செடி, தம்பி. நினிவேக்கு வெளியே வெயிலில் உட்கார்ந்திருந்தவனுக்குக் கடவுள் ஒரே இரவில் முளைக்கவைத்தது. மறுநாள் விடியும்போது புழு அரித்துப் பட்டுப்போனது. பழைய ஸ்வீடிஷ் பைபிளில் அதன் பெயர் குர்பிட்ஸ், அதாவது சுரை. இந்தக் குடியானவர்கள் வரைந்த பூங்கொடிக்கே அந்தப் பெயர் நிலைத்துவிட்டது. பட்டுப்போன செடியை இவர்கள் ஆள் உயரத்துக்கு எழுப்பி, எந்தத் தோட்டத்திலும் இல்லாத பூக்களை அதில் பூக்கவைத்தார்கள். தூரிகையை அழுத்தி, வளைத்து, எடுக்க வேண்டும். அழுத்தம் ஆளுக்கு ஆள் மாறும். பெயர் போடாத வேலையைக்கூட அந்த இழுப்பை வைத்தே இன்னார் கை என்று அடையாளம் சொல்கிறார்கள். உங்கள் கண்ணுக்கு எல்லாம் ஒன்று! கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு பார்த்தீர்களா?

எங்கள் ஞாயிறு பள்ளியில் அது சுரை இல்லை, ஆமணக்கு. தமிழ் பைபிளில் அப்படித்தான். எங்கள் கொல்லையிலும் ஓர் ஆமணக்கு நின்றது, அதன் நிழலுக்குக் கோழிகூட ஒதுங்காது. "யோனா தலையை எங்கே வைத்தார்?" என்று டீச்சரிடம் கேட்டதற்கு முட்டி போட்டேன். நான் தேவலை. அந்தக் காலத்தில் பைபிளை லத்தீனில் மொழிபெயர்த்த ஜெரோம், சுரையை எடுத்துவிட்டு ஐவிக்கொடி என்று போட்டதற்கு வட ஆப்பிரிக்காவில் ஒரு சபையே கொந்தளித்துவிட்டது. அந்தப் பக்கத்து பிஷப் அகஸ்டின் கடிதம் எழுதி அவரிடம் முறையிட்டார். பல வருடம் கழித்துத் தாலர்னாக்காரர்களின் படத்தைப் பார்த்தபோதுதான் யோனாவுக்கு நிழல் கிடைத்ததென்று எனக்கு நிம்மதி.

சரி, வேலை. தாலர்னாவில் நிலம் எல்லாப் பிள்ளைகளுக்கும் பங்காகிப் பங்காகித் துண்டுதுண்டானது. சோற்றுக்குப் பற்றாமல்தான் தூரிகையை எடுத்துக்கொண்டு பக்கத்து மாகாணமான ஹெல்சிங்லாந்துக்கு நடந்தார்கள். அங்கே லினன் நூலுக்கான ஆளிச்செடியும் காடும் வைத்திருந்த பணக்காரக் குடியானவர்கள் விருந்துக்கென்றே தனி அறைகள் கட்டி வரையச் சொன்னார்கள். அப்படிப்பட்ட ஏழு பண்ணை வீடுகளை 2012இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்த்தது. போய்ப் பாருங்கள், ரயில்தான். வேலையை விட்டார்களா என்கிறீர்களா? பெரும்பாலானவர்கள் ஊர் திரும்பி உழுதார்கள்.

முதலில் அந்த அலமாரியிடம் திரும்பப் போங்கள். இடது கதவுப் பூவையும் வலது கதவுப் பூவையும் மாற்றி மாற்றிப் பாருங்கள். இரண்டும் ஒன்றேதான் என்றால் எழுதுங்கள், மன்னிப்புக் கேட்கிறேன்.