பூனை வளர்க்கும் வீட்டில் மரநாயும் கீரியும் சிறுத்தையும்: கால்நடை மருத்துவர் பதில்கள்

கேள்வி: ஆனைமலைக்கு அருகே, தென்னந்தோப்பை ஒட்டிய ஓட்டு வீட்டில் வசிக்கிறோம். எங்களிடம் இரண்டு பூனைகள் உள்ளன. ஒன்று அண்மையில் நான்கு குட்டிகள் ஈன்றிருக்கிறது. இரவில் ஒரு மரநாய் ஓட்டின் மேல் ஓடுகிறது, பகலில் பரணில் தூங்குகிறது. கீரி ஒன்று பட்டப்பகலில் வந்து பூனைக்கு வைத்த சோற்றைத் தின்றுவிட்டுப் போகிறது. கொல்லையில் கண்ணாடி விரியனும் ஒருமுறை தென்பட்டது. கூண்டு வைத்துப் பிடித்துத் தொலைவில் விட்டுவிடலாம் என்கிறார் பக்கத்து வீட்டுக்காரர். வீட்டைச் சுற்றிப் பினாயில் ஊற்றச் சொல்கிறார் என் மாமியார். இரண்டு நாளாக ஊற்றியும் வருகிறோம். எந்த உயிரையும் கொல்ல எங்களுக்கு மனமில்லை, ஆனால் பூனைகளுக்கு எதுவும் ஆகிவிடக் கூடாது. என்ன செய்வது டாக்டர்?
— ஒரு வாசகி, பொள்ளாச்சி வட்டாரம்

பதில்: பினாயிலை இன்றே நிறுத்திவிடுங்கள் அம்மா. நீங்கள் எழுதியிருப்பவற்றில் உங்கள் பூனைகளுக்கு மிக அருகில் இருக்கும் ஆபத்து மரநாயும் அல்ல, கீரியும் அல்ல, அந்தப் பினாயில்தான். பினால் வகை வேதிப்பொருள்களைச் சிதைத்து வெளியேற்ற உதவும் ஈரல் நொதி பூனைகளுக்கு இயல்பிலேயே மிகக் குறைவு. ஆகவே, நாய்க்கு அதிகம் தீங்கு செய்யாத அளவுகூடப் பூனையின் உடலில் தங்கி நஞ்சாகிவிடும். தெளித்த தரையில் நடந்துவிட்டு அது தன் பாதத்தை நக்கினாலே எச்சில் ஒழுகுதல், வாய்ப்புண், வாந்தி, நடுக்கம் என்று தொடங்கி ஈரல் கெடும் நிலை வரை போகலாம். தாயின் மேல் ஒட்டியிருப்பதைக் குட்டிகளும் உட்கொள்ளும் என்பதை மறந்துவிட வேண்டாம். பாம்புக்காக ஊற்றப்படும் கார்பாலிக் அமிலத்துக்கும், மூலைகளில் போடப்படும் பாச்சை உருண்டைக்கும், யூக்கலிப்டஸ் தைலத்துக்கும் இதே எச்சரிக்கை பொருந்தும். இவற்றை நம்பி வேறு ஏற்பாடு செய்யாமல் இருந்துவிடுவது இன்னொரு கேடு, ஏனெனில் இரை இருக்கும் இடத்துக்கு வரும் பாம்பு இந்த நெடிகளுக்காகத் திரும்பிப் போய்விடும் என்று எண்ண இடமில்லை. ஊற்றிய இடங்களை நிறையத் தண்ணீர் விட்டுக் கழுவி, உலரும்வரை பூனைகளை உள்ளேயே வைத்திருங்கள்.

கூண்டு வைப்பதையும் நான் ஏற்கவில்லை. 1972ஆம் ஆண்டின் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தில் வேட்டை என்ற சொல்லுக்குள் கொல்வது மட்டுமின்றி, பொறி வைத்துப் பிடிப்பதும் நஞ்சிடுவதும் அடங்கும். மரநாய், கீரி, நாகம், விரியன் ஆகியவற்றை வனத்துறையின் அனுமதியின்றிப் பிடிப்பது குற்றம். சட்டத்தை ஒதுக்கி வைத்துவிட்டுப் பார்த்தாலும் அதில் பயனில்லை. அறியாத இடத்தில் விடப்பட்ட விலங்குக்கு இரை கிடைக்கும் இடமும் ஒளிந்துகொள்ளும் இடமும் தெரியாது; அங்கே ஏற்கெனவே வாழும் தன் இனத்தோடு சண்டையிட்டுக் காயப்படும். இங்கே காலியான இடத்துக்குச் சில வாரங்களில் இன்னொன்று வந்துவிடும், ஏனெனில் முதல் விலங்கை அழைத்து வந்த காரணம் உங்கள் முற்றத்தில் அப்படியேதான் இருக்கிறது. பரணில் இருப்பது தாய் மரநாயாக இருந்து, அதை மட்டும் பிடித்துக்கொண்டு போய்விட்டால், மேலே குட்டிகள் பட்டினியால் சாகும். கொல்ல மனமில்லை என்று எழுதிய நீங்கள் அதை விரும்ப மாட்டீர்கள்.

அந்தக் காரணத்தை உங்கள் கடிதத்திலேயே சொல்லியிருக்கிறீர்கள்: வெளியில் வைத்த சோறு. பூனைக்கு நாள் முழுவதும் கிண்ணம் நிறைந்திருக்க வேண்டும் என்று பலரும் அன்பினால் நினைக்கிறார்கள். காலையிலும் மாலையிலும் குறித்த நேரத்தில் வீட்டுக்குள் வைத்து, அரை மணி நேரத்தில் கிண்ணத்தை எடுத்துக் கழுவிவிட்டால் பூனை மிக விரைவில் அந்த நேரத்துக்குப் பழகிக்கொள்ளும். கருவாட்டுத் தலையும் மீன் கழிவும் குப்பைக் குழியில் திறந்து கிடக்கக் கூடாது. மரநாய் பழம் தேடி வருவது. பப்பாளி, சப்போட்டா, வாழை ஆகியவற்றைக் காயாகவே அறுவடை செய்து உள்ளே பழுக்க வையுங்கள், உதிர்ந்த பழங்களை மாலைக்குள் பொறுக்கிவிடுங்கள். கோழி வளர்த்தால், இரவில் சிந்திய தீவனம் எலியைக் கூட்டும், எலி பாம்பைக் கூட்டும். தென்னந்தோப்பு வீடுகளில் நான் முதலில் பார்ப்பது மட்டைக் குவியலைத்தான். சுவரோடு சேர்த்துக் குவித்த மட்டை, பன்னாடை, பழைய ஓடு, விறகு ஆகியவை எலிக்கு வீடு. கண்ணாடி விரியன் அசையாமல் கிடந்து இரைக்காகக் காத்திருக்க ஏற்ற இடமும் அதுவே. இவற்றை வீட்டிலிருந்து நன்கு தள்ளி, தரையிலிருந்து உயர்த்திய மேடையில் அடுக்குங்கள். அகற்றும்போது வெறுங்கையை உள்ளே விடாமல், முதலில் நீண்ட கழியால் கிளறிவிட்டு வேலை செய்யுங்கள்.

எலிக்கு நஞ்சு வைக்கும் எண்ணம் வந்தால் அதையும் கைவிடுங்கள். இன்று கடைகளில் கிடைக்கும் புரோமாடியோலோன் போன்ற கட்டிகள் இரத்தம் உறைவதைத் தடுப்பவை; தின்ற எலி உடனே சாவதில்லை, சில நாள் தள்ளாடித் திரியும். அப்படித் தளர்ந்த எலியைத்தான் பூனையும் கீரியும் ஆந்தையும் எளிதில் பிடிக்கின்றன, நஞ்சும் அவற்றின் உடலுக்குப் போகிறது. அதற்காவது உரிய நேரத்தில் கொண்டுவந்தால் வைட்டமின் கே கொடுத்துக் காப்பாற்ற வழி உண்டு. துத்தநாக பாஸ்பைடு என்னும் கறுப்புத் தூளுக்கு முறிவு மருந்தே இல்லை. ஒட்டுப் பசை அட்டைகளும் வேண்டாம். எலியோடு ஓணானும் பல்லியும் பூனைக்குட்டியும்கூட அவற்றில் சிக்கித் தவிக்கின்றன. நெல், தேங்காய், தீவனம் ஆகியவற்றை மூடியுள்ள தகர டின்களில் வைப்பதே எலிக்கான நிலையான வழி.

மரநாயைப் பரணிலிருந்து வெளியேற்றுவதற்குப் பொறுமைதான் வேண்டும். அது இருட்டிய பிறகு இரை தேடப் போய், விடியும் முன் திரும்புவது. முதலில் அது எந்த இடைவெளி வழியாக நுழைகிறது என்று கண்டுபிடியுங்கள்; அழுக்குத் தடமும் உரோமமும் எச்சமும் காட்டிக்கொடுக்கும். குட்டிகளின் கீச்சொலி கேட்கிறதா என்று சில நாள் கவனியுங்கள். கேட்டால், அவை வளர்ந்து தாயோடு வெளியேறும்வரை காத்திருக்க வேண்டும். அதில் குறுக்குவழி கிடையாது. குட்டிகள் இல்லை என்று உறுதியானால், பகலில் பரணில் ஒரு விளக்கை எரியவிட்டு வானொலியை ஓடவிடுங்கள். வெளிச்சமும் பேச்சுக்குரலும் உள்ள இடத்தில் தூங்க அதற்குப் பிடிக்காது. இரண்டு மூன்று நாள் கழித்து, நுழைவழியில் கசக்கிய செய்தித்தாளைத் தளர்வாகச் செருகிவையுங்கள். சில இரவுகள் அந்தத் தாள் கலையாமல் இருந்தால், உள்ளே எதுவும் இல்லை என்று பொருள். அதன் பிறகே அரை அங்குலக் கண்ணுள்ள துத்தநாகம் பூசிய கம்பி வலையைச் சட்டத்தோடு ஆணி அடித்து அந்த வழியை அடைக்க வேண்டும். கூரையைத் தொடும் கிளைகளை இரண்டு மீட்டருக்குக் குறையாமல் வெட்டிவிடுங்கள். இல்லாவிட்டால் அது வேறோர் ஓட்டைப் பெயர்க்கும்.

வளர்ந்த, உடல்நலமுள்ள பூனையோடு கீரியோ மரநாயோ வலியச் சண்டைக்குப் போவது அரிது. உங்கள் கவலை குட்டிகளைப் பற்றியதாக இருக்கட்டும். அவற்றுக்குக் கீரி மட்டுமல்ல, தெருவில் திரியும் கடுவன் பூனையும் ஆபத்துதான். குட்டிகளையும் தாயையும் கதவுள்ள ஓர் அறையில் வைத்திருங்கள். காற்றும் வெயிலும் வேண்டும் என்றால், திண்ணையின் ஒரு பகுதியைக் கம்பி வலையால் அடைத்துக் கூரையிட்டுக் கொடுங்கள். அடியிலிருந்து இரண்டு அடி உயரத்துக்குக் கால் அங்குலக் கண்ணுள்ள நெருக்கமான வலையை அடித்து, அதன் கீழ்ப்பகுதியை ஓர் அடி ஆழத்துக்கு மண்ணில் புதைத்து வெளிப்புறமாக மடக்கிவிட்டால், பாம்பு நுழையாது, கீரி தோண்டியும் வர முடியாது. கதவுக்குக் கீழே விரல் நுழையும் இடைவெளி இருந்தாலும் ரப்பர்ப் பட்டை வைத்து மூடுங்கள். வளர்ந்த பூனைகளும் இருட்டும் முன் உள்ளே வந்துவிட வேண்டும். மாலைச் சோற்றை அந்த நேரத்துக்கு மாற்றினால், அழைக்காமலே வரும். பூனை உள்ளே இருக்கும் இரவுகளில் உங்கள் தோட்டத்துத் தவளைகளும் பறவைக் குஞ்சுகளும் பிழைத்துக்கொள்ளும் என்பதையும் நான் ஒரு நன்மையாகவே கருதுகிறேன்.

கொல்லையைச் சுற்றி நைலான் வலையையோ பழைய மீன்வலையையோ கட்ட வேண்டாம் என்று தனியாகச் சொல்ல விரும்புகிறேன். பாம்பைத் தடுக்கக் கட்டும் தளர்ந்த வலையில் அது உடலை நுழைத்துவிட்டுப் பின்வாங்க முடியாமல், செதில் கிழிந்து, வெயிலில் காய்ந்து சாகிறது. உயிரோடு சிக்கிய விரியன் அருகில் வரும் பூனையைக் கடிக்கவும் செய்யும். விறைப்பான கம்பி வலையில் இந்தத் துன்பம் நேராது. பாம்பு வீட்டுக்குள்ளோ முற்றத்திலோ தெரிந்தால், பூனைகளை அறையில் அடைத்துவிட்டு, தொலைவிலிருந்து அதைக் கண்காணித்தபடி வனத்துறையையோ தீயணைப்பு நிலையத்தையோ அழையுங்கள். பூனை கடிபட்டதாகத் தோன்றினால் கட்டுப் போடுவதும் கீறிவிடுவதும் கூடாது. அட்டைப்பெட்டியில் அசையாமல் படுக்க வைத்து உடனே மருத்துவமனைக்குக் கொண்டுவாருங்கள். நாகம், கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கின் நஞ்சுக்கும் பயன்படும் முறிவு மருந்தை விலங்குகளுக்கும் செலுத்துகிறோம்.

தடுப்பூசியைத் தள்ளிப்போடாதீர்கள். எட்டு வாரத்தில் மூன்று நோய்களைத் தடுக்கும் பூனைகளுக்கான முக்கூட்டுத் தடுப்பூசி, மூன்று நான்கு வாரம் கழித்து மறுமுறை, மூன்று மாதம் முடிந்ததும் வெறிநோய்த் தடுப்பூசி, பிறகு மருத்துவர் சொல்லும் கால இடைவெளியில் ஊக்க ஊசி. முக்கூட்டு ஊசி தடுக்கும் நோய்களில் ஒன்றான பூனைப் பார்வோ மரநாய் இனத்தையும் தாக்கக்கூடியது. ஆகவே இந்த ஊசி இரு பக்கத்துக்கும் காவல். கீரியோ வேறு காட்டு விலங்கோ பூனையைக் கடித்துவிட்டால், ஊசி போட்டிருந்தாலும், காயத்தைச் சோப்பும் ஓடும் தண்ணீரும் கொண்டு 15 நிமிடம் கழுவி அன்றே மருத்துவரிடம் காட்ட வேண்டும். கழுவும்போது கையுறை அணிந்துகொள்ளுங்கள். உங்களுக்குக் கடியோ கீறலோ பட்டால் நீங்களும் தாமதிக்காமல் அரசு மருத்துவமனைக்குச் செல்லுங்கள்.

கேள்வி: குன்னூரில் தேயிலைத் தோட்டத்தை ஒட்டி இருக்கிறோம். எங்கள் தெருவில் சிறுத்தை ஒரு நாயைத் தூக்கிச் சென்றுவிட்டது. மூன்று பூனைகள் இருக்கின்றன. வேலியில் மின்சாரம் பாய்ச்சலாமா?
— ஒரு வாசகர், குன்னூர்

பதில்: கூடாது. வீட்டு மின்சாரத்தை நேரடியாக வேலியில் பாய்ச்சுவது உயிர்க்கொலை. அதில் உங்கள் பூனையும், பால்காரரும், பக்கத்து வீட்டுக் குழந்தையும் சாகலாம். சட்டப்படியும் அது தண்டனைக்குரியது. உயரமான வேலி போட்டுச் சிறுத்தையைத் தடுக்கலாம் என்றும் எண்ணாதீர்கள். அது மரமும் சுவரும் ஏறும் விலங்கு. கூரையும் கதவும் உள்ள இடம் ஒன்றே பூனைக்குப் பாதுகாப்பு. மாலை ஐந்து மணியிலிருந்து காலை நன்றாக வெளிச்சம் வரும்வரை பூனைகள் வீட்டுக்குள் இருக்க வேண்டும், நாய் இருந்தால் அதுவும் சங்கிலியில் வெளியே கிடக்கக் கூடாது. வீட்டைச் சுற்றி உண்ணிச்செடிப் புதர் மண்டியிருந்தால் வெட்டிச் சுத்தம் செய்யுங்கள். சிறுத்தை பகலில் படுத்திருப்பது அத்தகைய மறைவில்தான். தெருநாய்களைக் கூட்டும் இறைச்சிக் கழிவு தெருவில் கொட்டப்படுவதை நிறுத்த அக்கம்பக்கத்தார் எல்லோரும் சேர வேண்டும்.

நீலகிரியில் கரடியையும் கணக்கில் கொள்ள வேண்டும். எண்ணெயும் வெல்லமும் தேடி அது கோயிலுக்குள்ளும் கடைக்குள்ளும் நுழைவதை நீங்களே அறிவீர்கள். சமையலறைக் கதவை இரவில் தாழிடுங்கள், எண்ணெய் டின்னைத் திண்ணையில் வைக்காதீர்கள், பூனைக்கான மீன் கிண்ணத்தையும் வெளியே விடாதீர்கள். சிறுத்தையை நேரில் கண்டால் கூட்டம் கூடித் துரத்த வேண்டாம். தப்பும் வழி அடைபட்ட சிறுத்தை மனிதரைத் தாக்கக்கூடும். வனச்சரக அலுவலகத்துக்குத் தெரிவித்துவிட்டு உள்ளே இருங்கள்.

கேள்வி: குரங்குகள் மாடிக்கு வந்து பூனைக்குட்டியைத் தூக்கப் பார்க்கின்றன. பட்டாசு வெடித்துத் துரத்துகிறோம். சரிதானா?
— ஒரு வாசகி, தென்காசி

பதில்: பட்டாசுக்குக் குரங்கு சில நாளில் பழகிவிடும், பழகாதது உங்கள் பூனை. அந்த ஓசைக்கு மிரண்டு ஓடிய பூனை வீடு திரும்பாமல் போவதை நாங்கள் தீபாவளிதோறும் பார்க்கிறோம். நாட்டுக்குரங்கு பகலில் வருவது, ஆகவே உங்கள் குட்டிக்குப் பகல்தான் காவல் தேவைப்படும் பொழுது. மாடிக் கதவுக்கும் சன்னலுக்கும் கம்பி வலை அடித்து, குட்டியை அதற்குள் விளையாட விடுங்கள். மாடியில் வற்றல், வடகம் காயவைக்கும் நாள்களில் ஒருவர் உடனிருக்க வேண்டும். தெருவில் யாரேனும் பரிவினால் பழமும் பிஸ்கட்டும் போட்டு வந்தால், அவர்களிடம் அமைதியாகப் பேசி நிறுத்தச் செய்யுங்கள், ஏனெனில் ஒரு வீட்டில் ஊட்டினால் கூட்டம் முழுவதும் எல்லா வீட்டுக்கும் வரும். கவணால் அடிப்பதும் கண்ணில் மிளகாய்த்தூள் தூவுவதும் வேண்டாம். காயப்பட்ட குரங்கு திரும்பித் தாக்கும், சிந்திய தூள் பூனையின் கண்ணிலும் மூக்கிலும் போகும். குட்டியைக் குரங்கு பற்றிக்கொண்டால் நீங்கள் கையை நீட்டிப் பறிக்க முயலாதீர்கள். சற்றுத் தள்ளி நின்று பழத்தைத் தரையில் உருட்டிவிட்டால், பெரும்பாலும் அது குட்டியைக் கீழே விட்டுவிட்டுப் பழத்தை எடுக்கும். குட்டி கிடைத்தவுடன் உடல் முழுவதும் தடவிப் பார்த்து, பல் பட்ட தடயம் சிறிதளவு இருந்தாலும் மேலே சொன்னபடி கழுவிவிட்டு மருத்துவரிடம் எடுத்துச் செல்லுங்கள்.