ரானலாவுக்குப் புதிதாக வந்தவருக்கு: டப்ளின் சவுத் ஈஸ்ட் தொகுதி எங்கே போனது?

வணக்கம் தம்பி. டப்ளினின் ரானலா பகுதியில் வீடு எடுத்திருக்கிறீர்கள், வீட்டுக்காரர் இதை "டப்ளின் சவுத் ஈஸ்ட்" என்கிறார், தேடினால் அப்படி ஒரு தொகுதியே இல்லை என்று எழுதியிருந்தீர்கள். தொகுதி எது, ஓட்டு உண்டா, இங்குள்ளவர்கள் அடிக்கடி சொல்லும் "27 ஓட்டு" என்ன கதை என்றும் கேட்டிருந்தீர்கள்.

அயர்லாந்து நாடாளுமன்றத்துக்கான உங்கள் தொகுதி இப்போது டப்ளின் பே சவுத். நான்கு உறுப்பினர்கள். டப்ளின் சவுத் ஈஸ்ட் 1948 பொதுத்தேர்தலில் பிறந்தது. 2011 தேர்தல்தான் அதற்குக் கடைசி. 2012இல் வந்த எல்லைச் சீரமைப்பு அறிக்கையையும் 2013 சட்டத்தையும் ஒட்டி, 2016 பிப்ரவரித் தேர்தலிலிருந்து புதிய பெயர். ரிங்ஸெண்ட், சாண்டிமவுண்ட், பால்ஸ்பிரிட்ஜ், டானிபுரூக், ரானலா எல்லாம் அப்படியே புதியதற்குள் வந்துவிட்டதால், ஊர்க்காரர்களுக்குப் பழைய பெயர் வாயில் நிற்கிறது. 2016க்கு முந்தைய முடிவுகள் வேண்டுமானால் பழைய பெயரில் தேடுங்கள். புதிய பெயரில் கிடைக்காது.

இந்தத் தொகுதியின் வரலாற்றைப் படிக்கும்போது ஒன்றை மனதில் வையுங்கள். நம்மூரில் ஒரு தொகுதிக்கு ஒருவர். அதிக ஓட்டு வாங்கியவர் யார் என்று பார்த்தால் போதும். இங்கே ஒரே தொகுதியில் மூவரோ நால்வரோ ஐவரோ தேர்வாகிறார்கள். முதலில் வந்தவரை விட்டுவிட்டு, கடைசி இடம் யாருக்குப் போனது, ஏன் போனது என்று பாருங்கள். கதை அங்கேதான் இருக்கிறது.

தொகுதியை உருவாக்கிய 1947 சட்டம் ஃபியன்னா ஃபாயில் கட்சியின் அரசு கொண்டுவந்தது. உள்ளாட்சி அமைச்சராக இருந்தவர் ஷான் மெக்கென்டீ. டாயில் எனப்படும் கீழவையின் இடங்கள் 138இலிருந்து 147 ஆயின. மூன்று உறுப்பினர் தொகுதிகளும் கூடின. தொகுதி சிறிதானால் சிறு கட்சி நுழைவது கடினம். அப்போது வேகமாக வளர்ந்துவந்த கிளான் நா போப்லக்டா கட்சிக்கு அதனால் பாதிப்பு. ஆனால் மெக்கென்டீ போட்டியிட்ட டப்ளின் சவுத் ஈஸ்டிலேயே அந்தக் கட்சியின் நோயல் பிரவுன் ஜெயித்தார். மற்ற இருவர் மெக்கென்டீயும் ஃபினே கேல் கட்சியின் ஜான் ஏ. காஸ்டெல்லோவும். காஸ்டெல்லோ கூட்டணி அரசின் டீஷக், அதாவது பிரதமர் ஆனார். பிரவுன் சுகாதார அமைச்சர். அவர் கொண்டுவந்த தாய் சேய் நலத் திட்டத்தைக் கத்தோலிக்க ஆயர்களும் மருத்துவர்களும் எதிர்த்து நின்றபோது அமைச்சரவை பிரவுனைக் கைவிட்டது. 1951 ஏப்ரலில் அவர் பதவி விலகினார். அடுத்த மாதமே தேர்தல். பிரவுன் சுயேச்சையாக நின்று அதே தொகுதியில் மறுபடி வந்தார், அதே காஸ்டெல்லோவுக்குப் பக்கத்தில்! அயர்லாந்தின் சமூக நல அரசியல் பிளந்த கோடு இந்த மூன்று இடங்களுக்குள்ளேயே ஓடியது.

1954இல் பிரவுன் ஃபியன்னா ஃபாயில் வேட்பாளராக நின்று தோற்றார். அந்த முறை உள்ளே வந்தவர் ஃபினே கேலின் ஜான் ஓடொனவன். அதிகம் பேசப்படாத பெயர். எனக்கு இந்தத் தொகுதியின் முக்கியமான மனிதர் இவர்தான். 1957இல் இடத்தை இழந்து மேலவை உறுப்பினரானவர், 1959இன் தொகுதிச் சீரமைப்புச் சட்டத்தை எதிர்த்து வழக்குப் போட்டார். மக்கள்தொகைக்கும் உறுப்பினர் எண்ணிக்கைக்குமான விகிதம் நாடு முழுவதும் இயன்றவரை சமமாக இருக்க வேண்டும் என்கிறது அரசியலமைப்பு. மேற்குப் பகுதிகளுக்குக் கூடுதல் இடம் கொடுத்த அந்தச் சட்டம் செல்லாது என்று உயர் நீதிமன்றம் 1961இல் தீர்த்தது. இன்றும் எல்லை வரைபவர்கள் ஒவ்வொரு முறையும் தலைகளை எண்ணிப் பார்ப்பதற்கு அந்த வழக்கு ஒரு பெரிய காரணம்.

1969இல் காஸ்டெல்லோவும் மெக்கென்டீயும் ஒதுங்க, காரெட் ஃபிட்ஸ்ஜெரால்ட் வந்தார். பிற்காலத்தில் அவரும் டீஷக். 1977இல் லேபர் கட்சியின் ருவாரி குவின் முதன்முறையாக ஜெயித்தார். அந்த ஆண்டுத் தேர்தலுக்கு முன் ஆளும் கூட்டணியின் அமைச்சர் ஜேம்ஸ் டல்லி டப்ளினை மூன்று உறுப்பினர் தொகுதிகளாகத் தனக்குச் சாதகமாக வெட்டியிருந்தார். ஓட்டு எதிர்ப்பக்கம் சாய்ந்ததும் அதே வெட்டு ஃபியன்னா ஃபாயிலுக்கு உதவி, அவர்கள் 148இல் 84 இடம் பிடித்தார்கள். அதன் பிறகு எல்லை வரையும் வேலை சுயேச்சையான ஆணையத்துக்குப் போனது. 1981இல் டாயிலின் இடங்கள் 166 ஆயின, டப்ளின் சவுத் ஈஸ்டுக்கு நான்காவது இடம் கிடைத்தது.

அந்த ஓர் இடம் செய்த மாற்றம் பெரிது. தேர்வாகத் தேவையான ஓட்டுதான் கோட்டா: இடங்களின் எண்ணிக்கையோடு ஒன்று கூட்டி, அதனால் செல்லுபடியான மொத்த ஓட்டை வகுத்து, மேலும் ஒன்று சேர்த்தால் வருவது. 40,000 ஓட்டுக்கு மூன்று இடமென்றால் 10,001. நான்கு இடமென்றால் 8,001. ஐந்தில் ஒரு பங்கு கைக்கு எட்டினால் போதும் என்றானதும் சிறு கட்சிகளுக்குக் கதவு திறந்தது. மைக்கேல் மக்டவல், ப்ரோக்ரெசிவ் டெமாக்ரட்ஸ் கட்சிக்காரர், 1987இல் ஜெயித்தார், 1989இல் தோற்றார், 1992இல் ஜெயித்தார், 1997இல் தோற்றார், 2002இல் ஜெயித்தார், 2007இல் தோற்றார். தொடர்ந்து இரண்டு முறை அவருக்கு இடம் நிற்கவே இல்லை. 1997இல் பசுமைக் கட்சியின் ஜான் கோர்ம்லி அவரை வென்ற வித்தியாசம்தான் நீங்கள் கேட்ட 27 ஓட்டு. 2007இல் துணைப் பிரதமராக இருந்துகொண்டே மறுபடி கோர்ம்லியிடம் தோற்று, எண்ணும் இடத்திலேயே பொதுவாழ்வை விட்டு விலகுவதாக அறிவித்தார். 2011இல் கோர்ம்லியும் போனார். பொருளாதாரச் சரிவுக்குப் பிந்தைய அந்தத் தேர்தலில் ஃபினே கேலுக்கு இரண்டு, லேபருக்கு இரண்டு.

இப்படி நூலிழையில் முடிவதற்குக் காரணம் எண்ணும் முறை. வாக்குச்சீட்டில் 1, 2, 3 என்று விருப்ப வரிசை போடுகிறீர்கள். கோட்டாவைத் தாண்டியவரின் உபரி அடுத்த விருப்பத்துக்குப் போகும். கடைசியில் இருப்பவர் நீக்கப்பட்டு அவருடைய சீட்டுகள் பிரியும். முதல் சுற்றில் ஐந்தாவதாக இருந்தவர் மற்றவர்களின் இரண்டாம் மூன்றாம் விருப்பங்களைச் சேர்த்து நான்காம் இடத்தைப் பிடிப்பது சாதாரணம். ஆகவே பிடித்த ஒருவருக்கு 1 போட்டு நிறுத்திவிடாதீர்கள். அவர் நீக்கப்பட்டால் உங்கள் சீட்டுக்குப் போக இடமில்லை, கடைசி இடத்துக்கான சண்டையில் உங்களுக்குக் குரலே இருக்காது. இரண்டு பேருக்கு 1 போட்டால் செல்லாது. 1, 2 போட்டு 3ஐ விட்டு 4 போட்டால், 2க்குப் பிறகு எதுவும் எண்ணப்படாது.

இனி உங்கள் ஓட்டு. டாயில் தேர்தலில் அயர்லாந்து, பிரிட்டன் குடிமக்களுக்கு மட்டுமே உரிமை. வேலை பெர்மிட்டில் இருக்கும் உங்களுக்கு அது இல்லை. ஆனால் 18 வயது நிரம்பி இங்கே வசிக்கும் எவரும், எந்த நாட்டவரானாலும், உள்ளாட்சித் தேர்தலில் ஓட்டுப் போடலாம். பலருக்கு இது தெரியாமல் போகிறது, அதுதான் வருத்தம். கடைசியாக 2024 ஜூன் 7இல் நடந்தது. ஐந்தாண்டுக்கு ஒருமுறை என்பதால் அடுத்தது 2029. அதிலும் இதே 1, 2, 3 முறைதான். உள்ளாட்சிக்கு வட்ட எல்லைகள் வேறு. டாயில் தொகுதியோடு குழப்பிக்கொள்ள வேண்டாம்.

பதிவை இப்போதே செய்யுங்கள். பி.பி.எஸ். எண் (அரசு சேவைகளுக்கான உங்கள் தனி எண்), பிறந்த தேதி, வீட்டின் ஏர்கோட் (அஞ்சல் குறியீடு) இருந்தால் இணையத்தில் முடிந்துவிடும். நம்மவர்களுக்கு இடறும் இடம் பெயர். பி.பி.எஸ். பதிவில் இனிஷியல் விரிந்து அப்பா பெயர் குடும்பப் பெயராக ஏறியிருந்தால், இங்கேயும் எழுத்துப் பிசகாமல் அதையே கொடுங்கள். வாடகை வீடு மாறும்போது முகவரியையும் மாற்றுங்கள். இல்லையென்றால் ஓட்டு பழைய தெருவிலேயே கிடக்கும். தேர்தல் நெருங்கியபின் பதிவு செய்தால், ஞாயிறும் அரசு விடுமுறையும் நீங்கலாக 15 நாளுக்கு முன்பே முடித்திருக்க வேண்டும். குடியுரிமை கிடைத்ததும் அந்தப் பதிவைத் திருத்தினால்தான் டாயில் தேர்தலுக்கான வாக்குச்சீட்டு உங்கள் கையில் வரும்.